புதைபொருள் ஆராய்ச்சியும் குடியானவர் கடமையும்

கிணறு வெட்டிய அனுபவமுள்ள குடியானவர்களுக்குப் பூமியின் அடுக்குகளைப் பற்றிப் புதிதாகச் சொல்லவேண்டியதில்லை. மேலே உழவு மண், அதன்கீழ்க் களி, அதற்கும் கீழே சுக்கான் அல்லது சரளை, பிறகு பாறை என்று ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்திருப்பதை அவர்கள் கண்ணாரக் கண்டிருக்கிறார்கள். கீழே உள்ளது முந்திப் படிந்தது, மேலே உள்ளது பிந்திப் படிந்தது என்பதும் வெளிப்படை. இச்சிறிய உண்மையே புதைபொருள் ஆராய்ச்சி முழுவதற்கும் அஸ்திவாரமாகும்.

எழுத்தில்லாத காலத்து ஜனங்கள் தங்களைப் பற்றி ஒன்றும் எழுதிவைக்கவில்லை. அவர்கள் செதுக்கிய கல், வனைந்த பானை, மூட்டிய அடுப்பின் சாம்பல், உண்ட தானியம் ஆகியவை மண்ணில் எந்த அடுக்கில், எவற்றின் அருகில் கிடக்கின்றன என்பதைக்கொண்டே அவர்களுடைய காலத்தையும் வாழ்க்கையையும் அறியவேண்டியிருக்கிறது. இச்சின்னங்களை முதன்முதலிற் காண்பவர் பெரும்பாலும் ஆராய்ச்சியாளர் அல்லர்; ஏர் உழுகிறவரும், கிணறு தோண்டுகிறவரும், ஏரி வண்டல் எடுக்கிறவருமே. ஆகையால் இவ்வாராய்ச்சி நடைபெறும் முறையை நிலமுடையோரும் கிராம உத்தியோகஸ்தர்களும் ஒருவாறு அறிந்திருத்தல் அவசியம்.

கொற்றலையாற்றுப் படுகை

கொசஸ்தலையாறு என்றும் கொற்றலையாறு என்றும் வழங்கும் நதி பூண்டி நீர்த்தேக்கத்தைக் கடந்து, திருவள்ளூர் ஜில்லா வழியாக ஓடி, எண்ணூரில் கடலோடு கலக்கிறது. எம்.கே.பி. நகர், இராயபுரம், திருவொற்றியூர் முதலிய வடசென்னைப் பகுதிகளில் வசிப்போர் இதன் முகத்துவாரத்தைத் துறைமுகமும் தொழிற்சாலைகளும் சூழ்ந்த இடமாகவே அறிவார்கள். அதே நதியின் படுகையில் மேற்கு நோக்கிச் சென்றால், சென்னையிலிருந்து ஏறக்குறைய 60 கிலோமீட்டர் தூரத்தில் அத்திரம்பாக்கம் என்னும் கிராமம் இருக்கிறது. இந்தியாவில் இதுவரை கிடைத்த மனிதச் சின்னங்களுள் மிகப் பழையவை எனத்தக்கவை அங்கே அகப்பட்டன.

1863-ம் வருஷம் மே மாதம் 30-ந் தேதி, பூகர்ப்ப ஆராய்ச்சி இலாகாவைச் சேர்ந்த இராபர்ட் புரூஸ் பூட் என்பவர், பல்லாவரத்தில் சரளை எடுப்பதற்காக வெட்டிய குழி ஒன்றில், மனிதன் கையாற் செதுக்கப்பட்ட கல் ஆயுதத்தைக் கண்டெடுத்தார். அதே வருஷம் செப்டம்பர் மாதத்தில் அவரும் வில்லியம் கிங் என்பவரும் அத்திரம்பாக்கத்தில் அத்தகைய ஆயுதங்கள் பலவற்றைக் கண்டார்கள். பூட் வாழ்நாளெல்லாம் சேகரித்த பொருள்கள் எழும்பூர் அரசாங்க அருங்காட்சிசாலையில் இருக்கின்றன. முதல் ஆயுதம் கிடைத்த இடம் சரளைக் குழி என்பது கவனிக்கத்தக்கது. சரளையை வாரிச் சென்றவர்களுக்கு அது வெறும் கல். உற்று நோக்கிய ஒருவர் கண்ணுக்கே அது மனிதனுடைய கைவேலையாகத் தோன்றிற்று.

பின்னர், 1960-க்கு மேற்பட்ட வருஷங்களில் மத்திய அரசாங்கத் தொல்பொருள் இலாகாவின் சார்பில் பானர்ஜி என்பவர் அங்கே அகழ்ந்து பார்த்தார். 1999-ம் வருஷம் முதல் சாந்தி பப்பு அம்மையாரும் அவருடன் குமார் அகிலேஷ் முதலியோரும் சர்மா மரபுக் கல்வி மையத்தின் சார்பில் முறையாக அகழ்ந்து வந்தார்கள். அங்கே ஆழத்திலுள்ள ஒரு களிமண் அடுக்கை, மனிதன் தோன்றுவதற்கு மிகமிக முற்பட்ட காலத்துப் படிவு என்று முன்னிருந்தோர் கருதியிருந்தனர். அவ்வடுக்கையும் விடாது கவனமாய்த் தோண்டியபோது, அதற்குள்ளேயும் கல்லாயுதங்கள் இருந்தன. அவற்றின் வயது சுமார் 15 லட்சம் வருஷங்கள் என்று 2011-ல் வெளியிடப்பட்டது. அதற்கு மேலேயுள்ள அடுக்குகளில் வேறுவிதமாகச் செதுக்கிய சிறிய ஆயுதங்கள் கிடைத்தன. இப்புதிய கைமுறை அங்கே தொடங்கியது சுமார் 3,85,000 வருஷங்களுக்கு முன்னர் என்று 2018-ல் வெளியிடப்பட்டது.

அகழும் முறை

புதைபொருள் ஆராய்ச்சிக்காக வெட்டும் குழியும் புதையல் தேடுவோர் வெட்டும் குழியும் ஒன்றல்ல. முன்னதில் நிலத்தைச் சதுரங்களாக அளந்து, கயிறு கட்டி, சதுரத்திற்குச் சதுரம் இடையே வரப்புப்போன்ற மண்சுவரை விட்டு, மேலிருந்து சிறிது சிறிதாகச் சுரண்டிக்கொண்டே இறங்குவார்கள். அம்மண்சுவரின் பக்கங்களில் அடுக்குகளின் நிறமும் கனமும் தெளிவாகத் தெரியும். கிடைத்த பொருள் ஒவ்வொன்றுக்கும் சதுரத்தின் எண், அடுக்கின் எண், ஆழம் ஆகியவற்றை உடனே குறித்துக்கொள்வார்கள். தோண்டிய மண்ணையும் எறிந்துவிடாமல் சல்லடையிற் சலித்து, மணிகளையும் எலும்புத் துணுக்குகளையும் பொறுக்குவார்கள்.

கீழே உள்ளது பழையது என்னும் விதிக்கு விலக்கும் உண்டு. பிற்காலத்தார் குப்பைக்குழியோ தானியக்குழியோ வெட்டியிருந்தால் புதிய பொருள் ஆழத்திற்கு இறங்கிவிடும். எலி வளையும் மரவேரும் இவ்வாறே செய்யும். குழி வெட்டப்பட்ட இடத்தில் மண்ணின் நிறமும் இறுக்கமும் வேறாக இருப்பதைக்கொண்டு இதைக் கண்டுபிடிக்கலாம். ஆனால் மண்வெட்டியால் ஒரே மூச்சில் தோண்டியவருக்கோ, இயந்திரத்தால் வாரியவருக்கோ இவ்வேற்றுமை ஒருகாலும் தெரியாது.

காலத்தை அறியும் முறைகள்

அடுக்கைக்கொண்டு எது முந்தியது, எது பிந்தியது என்று மட்டுமே சொல்லலாம். இத்தனை வருஷம் என்று சொல்ல வேறு முறைகள் வேண்டும்.

முதலாவது, காலம் தெரிந்த பொருளோடு ஒப்பிடுதல். புதுச்சேரியை அடுத்த அரிக்கமேட்டில் 1945-ல் மார்டிமர் வீலர் அகழ்ந்தபோது, இத்தாலி தேசத்திலிருந்து கப்பலேறி வந்த சிவப்புப் பானைகளின் ஓடுகள் கிடைத்தன. அவை கி.பி. முதல் நூற்றாண்டின் முற்பகுதியில் வழங்கியவை என்பது ஏற்கனவே தெரிந்த விஷயம். ஆகவே அவற்றோடு அதே அடுக்கிற் கிடைத்த நம் நாட்டுப் பானைகளின் காலமும் நிச்சயமாயிற்று. அதன்பின் அத்தகைய பானையோடு வேறு ஊரில் அகப்பட்டாலும் அவ்வூரின் காலத்தை ஒருவாறு மதிப்பிட முடிந்தது.

இரண்டாவது, கரிப்பொருளைச் சோதித்தல். உயிருள்ள செடிகொடிகளும் பிராணிகளும் தம் உடலில் ஒருவகைக் கதிரியக்கக் கரியைச் சிறிதளவு கொண்டிருக்கின்றன. உயிர் நீங்கியபின் அது புதிதாகச் சேராது. ஏறக்குறைய 5,730 வருஷங்களுக்கு ஒருமுறை பாதியாகக் குறைந்துகொண்டே வரும். எஞ்சியிருப்பதை அளந்து காலத்தைக் கணக்கிடுகிறார்கள். சுமார் 50,000 வருஷங்களுக்கு உட்பட்டவற்றிற்கே இது பயன்படும். தற்காலக் கருவிகளுக்கு ஒரு நெல்மணி அளவுள்ள பொருளே போதும்.

மூன்றாவது, மணலைச் சோதித்தல். வெயில் பட்ட மணல் மண்ணுக்குள் மூடப்பட்டது முதல், சுற்றியுள்ள மண்ணிலிருந்து வரும் கதிர்களின் சக்தியைத் தனக்குள் சேமித்து வருகிறது. அந்தச் சேமிப்பை அளந்தால், மணல் கடைசியாக வெயிலைக் கண்ட காலம் தெரியும். வெளிச்சம் பட்டவுடன் சேமிப்பு அழிந்துபோகும் என்பதால், இருட்டு நிறைந்த குழாய்க்குள் மணலை எடுத்துச் செல்கிறார்கள். அத்திரம்பாக்கத்து மேலடுக்குகளின் காலம் இவ்வாறு அறியப்பட்டது.

நான்காவது, கல்லையே சோதித்தல். வெளியிற் கிடக்கும் வெண்கல்லில், ஆகாயத்திலிருந்து வரும் கதிர்கள் பட்டு, அலுமினியம், பெரிலியம் ஆகிய இரண்டின் அரிய வகைகள் உண்டாகின்றன. கல் ஆழப் புதைந்தபின் அவை உண்டாவது நின்று, வெவ்வேறு வேகத்தில் குறைகின்றன. இரண்டுக்கும் உள்ள விகிதம் கல் புதைந்த காலத்தைக் காட்டும். அத்திரம்பாக்கத்தின் 15 லட்சம் வருஷக் கணக்கு இம்முறையிற் கிடைத்தது. அடுக்குகளில் பதிந்திருந்த பூமியின் காந்தத் திசையும் அதற்கு ஒத்திருந்தது.

இம்முறைகள் யாவற்றிற்கும் பொதுவான நிபந்தனை ஒன்றுண்டு. பொருள் கிடந்த இடம் நிச்சயமாகத் தெரிந்திருக்கவேண்டும். இடம் தெரியாத கல்லும் பானையும், தேதியும் கையொப்பமும் இல்லாத பத்திரம் போன்றவை.

நெல் கூறும் செய்தி

உழவர்களுக்கு நெருங்கிய உதாரணம் ஒன்று உண்டு. பழனிக்கு அருகிலுள்ள பொருந்தல் என்னும் ஊரில், புதுச்சேரிப் பல்கலைக்கழகத்தின் பேராசிரியர் கா. ராஜன் பழைய கல்லறைகளை அகழ்ந்தார். ஒரு கல்லறையில் நான்கு கால்களையுடைய ஜாடி ஒன்று இருந்தது. அதனுள் ஏறக்குறைய 2 கிலோ நெல் இருந்தது. அந்நெல்லையே சோதித்ததில் அது கி.மு. 490-ஐ ஒட்டியது என்று தெரிந்தது. தூத்துக்குடி ஜில்லா சிவகளையில் முதுமக்கள் தாழி ஒன்றிற் கிடைத்த நெல்லுக்குக் கி.மு. 1155 என்று காலம் கிடைத்ததாக 2021-ல் அறிவிக்கப்பட்டது. இறந்தவரோடு நெல்லையும் வைத்து அடக்கம் செய்த ஜனங்கள் நெல்லை எவ்வளவு அருமையாகக் கருதினார்கள் என்பதற்கு வேறு சாட்சி வேண்டியதில்லை.

தீயிற் கருகிய தானியம் மட்கிப் போகாமல் நெடுங்காலம் நிற்கும். அதைப் பிரித்தெடுக்க, அடுப்புச் சாம்பல் கலந்த மண்ணை நீரிலிட்டுக் கலக்குவார்கள். மண் அடியில் தங்க, கருகிய மணிகள் மிதக்கும். அவற்றை மெல்லிய துணியில் வடித்து உலர்த்துவார்கள். நெல்லா, கேழ்வரகா, கொள்ளா, பயறா என்று பிரித்தறிந்தால், முன்னோர் புன்செய் செய்தனரா, நன்செய் செய்தனரா என்பதும் தெரியவரும்.

இனி, பொருந்தலின் ஜாடி முறையறியாத ஒருவர் கையிற் கிடைத்திருந்தால் என்ன ஆகும்? ஜாடி அழகாயிருக்கிறதென்று உள்ளிருந்ததை வரப்பிற் கொட்டி, கழுவித் திண்ணையில் வைத்திருப்பார். ஜாடி மிஞ்சியிருக்கும், நம் நாட்டு நெல்லின் சரித்திரத்தில் ஒரு பக்கம் வாய்க்காலோடு போயிருக்கும்.

கவனிக்க வேண்டியவை

நத்தமேடு, சாம்பல்மேடு, பாண்டவர் குழி முதலிய பெயர்கள் வழங்கும் இடங்களிலும், உழும்போது கறுப்பும் சிவப்புமான பானையோடுகள் மிகுதியாய்ப் புரளும் இடங்களிலும் பழைய குடியிருப்போ இடுகாடோ இருந்திருக்கலாம். அத்தகைய இடங்களில் கீழ்க்கண்ட விஷயங்களைக் கவனித்தல் நன்று.

1. வயலுக்கு உரமாகவோ, வீட்டுமனையை மேடாக்கவோ மேட்டு மண்ணை வெட்டி எடுக்கலாகாது. சாம்பல் கலந்த மண் பயிருக்கு நல்லதுதான். ஆனால் தொழுவுரமும் தழையுரமும் ஆண்டுதோறும் கிடைக்கும், அம்மேடு மறுபடி உண்டாகாது.

2. தாழியோ, கற்பலகைகளோ, செதுக்கிய கற்களோ தென்பட்டால் அந்த இடத்தில் வேலையை நிறுத்தி, கிடந்தவாறே விட்டு, முளை அடித்து அடையாளம் செய்யவேண்டும்.

3. பானைக்குள் உள்ள மண்ணைக் கொட்டுவதும், பொருளைக் கழுவுவதும், எண்ணெய் பூசுவதும், கரியைக் கையால் எடுப்பதும் கூடாது.

4. தேதி, சர்வே எண், வரப்பிலிருந்து தூரம், ஆழம், மண்ணின் நிறம் ஆகியவற்றைக் காகிதத்தில் எழுதிக்கொள்ளவேண்டும். புகைப்படம் எடுக்க இயன்றால், அளவு தெரிய அருகில் ஒரு கோலை வைத்து எடுத்தல் நலம்.

5. கிராம நிர்வாக அலுவலருக்கும் தாசில்தாருக்கும் அறிவித்து, அவர்கள் மூலமாகத் தொல்லியல் துறைக்குத் தெரிவிக்கவேண்டும். 1878-ம் வருஷத்திய இந்தியப் புதையல் சட்டத்தின்படி, 10 ரூபாய்க்கு மேற்பட்ட புதையலைக் கண்டெடுத்தவர், அதன் தன்மை, மதிப்பு, கிடைத்த இடம், தேதி ஆகியவற்றைக் கலெக்டருக்கு எழுத்துமூலம் அறிவிக்கக் கடமைப்பட்டவர். அறிவியாதவர் தமது பங்கை இழப்பதோடு தண்டனைக்கும் உள்ளாவர்.

தகவல் சொன்னால் நிலம் பறிபோய்விடும் என்னும் அச்சமே பலரை மௌனமாயிருக்கச் செய்கிறது. இந்த அச்சத்தைப் பரிகாசம் செய்வதிற் பயனில்லை. நிலமே அவர்களுடைய ஜீவனம். ஆயினும் அகழ்ந்த இடமெல்லாம் நிலமுடையோர் கையைவிட்டுப் போவதில்லை. சிவகங்கை ஜில்லா கீழடியில் தென்னந்தோப்புகளுக்கிடையே அகழ்வு நடந்தபோது, தொடக்கத்தில் தோண்டிய குழிகள் வேலை முடிந்தபின் மண்ணிட்டு மூடப்பட்டன. அகழ்வுக்கு இசையுமுன்னரே, எத்தனை மாதம், எவ்வளவு பரப்பு, பயிர் நஷ்டத்திற்கு என்ன ஈடு, குழி மூடுவது யார் என்பவற்றை எழுத்தில் முடிவுசெய்துகொள்வது இருதரத்தாருக்கும் நல்லது. இவ்விஷயத்தில் கிராம உத்தியோகஸ்தர்கள் நிலமுடையோருக்குத் துணைநின்று, சந்தேகங்களைத் தீர்த்துவைத்தால், மறைப்பதற்குக் காரணமே இராது.

எண்ணூர்க் கழிமுகத்தை அடுத்த பகுதிகளில் வயல்கள் பெரும்பாலும் கட்டடங்களாகிவிட்டன. நதியின் மேற்பகுதியிலோ இன்னும் ஏர் நடக்கிறது. அங்கே கொழு முனையில் ஒரு கல் தட்டினால், அதை எடுத்தெறியுமுன் ஒரு நிமிஷம் உற்றுப் பார்க்கும்படி குடியானவர்கள் கேட்டுக்கொள்ளப்படுகிறார்கள்.