"என்கிட்ட என்ன இருக்கு சொல்ல?": குடும்ப ஆவணப்படம் பற்றிச் சில குறிப்புகள்

போன மாசம் அம்மாவைப் பேச வைத்துப் பதிவு செய்யலாம் என்று மொபைலை ஸ்டாண்டில் மாட்டிவிட்டு உட்கார்ந்தேன். "சின்ன வயசுல எப்படி இருந்தீங்க, சொல்லுங்கம்மா."

"என்கிட்ட என்ன இருக்கு சொல்ல? உங்க பெரிய மாமாவைக் கேளு. அவருக்குத்தான் தேதியோட ஞாபகம் இருக்கும்."

பேட்டி மூணு நிமிஷத்தில் முடிந்தது.

குடும்பக் கதையைப் படமாக்க நினைப்பவர்கள் பலரும் வந்து முட்டிக்கொள்ளும் இடம் இதுதான். ஆண்களுக்குப் பத்திரம், சர்டிபிகேட், வேலை ஆர்டர் என்று ஏதாவது இருக்கும். பெண்களுக்குக் கல்யாண போட்டோ ஒன்று இருந்தாலே பெரிசு. அப்புறம் எதைக் காட்டுவது?

நான் பார்த்ததில் இதற்கு நல்ல பதில் சொன்ன படம், ரியா தஜிரி 1991இல் எடுத்த 'ஹிஸ்டரி அண்ட் மெமரி'. அரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூட, அவ்வளவுதான். தஜிரி ஜப்பானிய அமெரிக்கர். பேர்ல் ஹார்பர் தாக்குதலுக்குப் பிறகு, 1942 பிப்ரவரியில் ரூஸ்வெல்ட் போட்ட உத்தரவால் ஜப்பானிய வம்சாவளியினர் சுமார் 1,20,000 பேர் முகாம்களில் அடைக்கப்பட்டார்கள். அவர்களில் பெரும்பாலானோர் அமெரிக்கக் குடிமக்கள். தஜிரியின் அம்மா இருந்தது அரிசோனா பாலைவனத்தில் உள்ள போஸ்டன் முகாம். (அந்த இன்னொரு பாஸ்டன் இல்லை.)

அடைக்கப்பட்டவர்கள் கேமரா வைத்துக்கொள்ளத் தடை இருந்தது. அதனால் மிஞ்சிய படங்களில் பெரும்பகுதி அரசாங்கம் எடுத்தவை. அம்மாவிடம் கேட்டால், ஞாபகமில்லை என்கிறார். இந்த 'ஞாபகமில்லை'யை தஜிரி வெட்டி எறியவில்லை. படத்தையே அதன்மேல்தான் கட்டுகிறார். பாலைவனத்தில் ஒரு குழாயில் அம்மா தண்ணீர் பிடிக்கிறார். இந்த ஒரு காட்சி மட்டும் மகள் மனசில் எப்படியோ இருந்திருக்கிறது, எங்கிருந்து வந்தது என்று தெரியாமலே. அதைத் திரும்ப நிகழ்த்திப் படமாக்குகிறார். பழைய பிலிம் என்று நம்மை ஏமாற்றுவதில்லை. இது நான் உண்டாக்கிய பிம்பம் என்று தெரியும்படியே வைக்கிறார். எனக்கு மிகவும் பிடித்தது இந்த நேர்மை.

இன்னொன்று, மரத்தில் செதுக்கிய ஒரு சின்னப் பறவை. பாட்டி முகாமில் செய்தது. பல வருஷம் கழித்து, அமெரிக்க தேசிய ஆவணக் காப்பகத்துப் படங்களைப் புரட்டும்போது, முகாமில் பறவை செதுக்கும் வகுப்பில் பாட்டி உட்கார்ந்திருக்கும் போட்டோ கிடைக்கிறது. வீட்டுக்குள் கிடந்த பொருளும் அரசாங்கப் பெட்டிக்குள் கிடந்த படமும் அங்கே சேருகின்றன.

இதைத் திரும்பப் பார்த்த பிறகுதான் என் கேள்வியில் கோளாறு என்று உறைத்தது. வாழ்க்கையைச் சொல்லு என்றால் யார்தான் சொல்வார்கள்?

அடுத்த ஞாயிற்றுக்கிழமை பரணிலிருந்து பித்தளைத் தூக்குச்சட்டியை இறக்கி அம்மா முன்னால் வைத்தேன். மூடியைத் தடவிக்கிட்டே ஆரம்பிச்சாங்க. எட்டாவதோடு படிப்பை நிறுத்தினதும், தாத்தாவுக்கு மில்லுக்குச் சோறு கொண்டுபோறது அம்மா வேலை. வழி, பள்ளிக்கூடத்து வாசலைத் தாண்டித்தான். மணி அடிக்கிறதுக்குள்ள கடந்துடணும்னு ஓடுவாங்களாம், கூடப் படிச்ச பிள்ளைங்க பார்த்துடக் கூடாதுன்னு. குழம்பு சிந்தினதுக்கு அடி வேற.

நாற்பது நிமிஷம் பேசினாங்க. நடுவில் மொபைலைப் பார்த்து, "இது ஓடுதா? அணைச்சிடு"ன்னாங்க. அணைத்தேன். அதுக்கப்புறம் சொன்னதை இங்கே எழுதவில்லை.