உதட்டில் சிரிப்பு, உள்ளங்கையில் வியர்வை: ஏன்? எப்படி?

நைனார்பாளையத்தில் ஒரு கல்யாணம் என்று வைத்துக்கொள்ளுங்கள். வரப்புத் தகராறில் பேச்சுவார்த்தை இல்லாத இரண்டு பங்காளிகள் மொய் எழுதும் இடத்தில் நேருக்கு நேர் வந்துவிடுகிறார்கள். "வாங்கண்ணே, சாப்பிட்டீங்களா?" "ஆச்சுப்பா, நீ?" இருவர் முகத்திலும் சிரிப்பு. ஆனாலும் பார்ப்பவர்களுக்கு ஏதோ இடிக்கிறது. ஏன்?

விடை கண்ணோரத்தில் இருக்கிறது. பிரெஞ்சு மருத்துவர் துஷேன், முகத் தசைகளில் மின்சாரம் பாய்ச்சி ஆராய்ந்து, 1862-ல் நூல் வெளியிட்டார். வாய்க்கோடியை மேலே இழுக்கும் கன்னத் தசை நாம் சொன்னபடி கேட்கும். கண்ணைச் சுற்றியுள்ள வளையத் தசையோ, மனம் மகிழ்ந்தால்தான் சுருங்கும் என்றார் அவர். அந்தச் சுருக்கத்தையும் வேண்டுமென்றே வரவழைக்கப் பலரால் முடியும் என்று பிற்கால ஆய்வுகள் காட்டின.

சரி, முகத்தை அடக்கினால் மனமும் அடங்குமா? அடங்காது. 1990-களில் அமெரிக்க உளவியலாளர் ஜேம்ஸ் கிராஸ் குழுவினர், அருவருப்பூட்டும் படத்தைப் போட்டு, உணர்ச்சியைக் காட்டாமல் பார்க்கச் சொன்னார்கள். முகம் அமைதியானது, அருவருப்பு குறையவில்லை. உடலை உஷார்ப்படுத்தும் பரிவு நரம்பு மண்டலம் கூடுதலாக முடுக்கப்பட்டது. அது முடுக்கப்பட்டால் உள்ளங்கை வியர்க்கும், விரல்களின் இரத்தக் குழாய்கள் சுருங்கும்.

எதிரில் இருப்பவரும் தப்புவதில்லை. உணர்ச்சியை மறைத்துப் பேசுபவரோடு உரையாடியவரின் இரத்த அழுத்தமும் ஏறியதை 2003-ல் வெளியான ஓர் ஆய்வு பதிவு செய்தது.

அதற்காகக் கண் சிரிக்காதவரையெல்லாம் பொய்யர் என்று முடிவு கட்டிவிடாதீர்கள். ராத்திரி முழுக்க பஸ்ஸில் வந்த களைப்பாகவும் இருக்கலாம்.