ஆசிரியர் நியமனமும் நீதிமன்றமும்

பல்கலைக்கழகத்தில் ஓர் ஆசிரியர் பதவிக்குப் பலர் விண்ணப்பிக்கின்றனர். ஒருவர் தேர்வு பெறுகிறார். எஞ்சியோருள் சிலர், தம்மினும் தகுதி குறைந்தவருக்குப் பதவி சென்றுவிட்டதாகக் கருதி, அரசியல் சட்டத்தின் 226-ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தை நாடுகின்றனர். இருவருள் சிறந்தவர் யார் என்ற கேள்விக்கு அங்கே விடை கிடைக்குமென்பது அவர்களது நம்பிக்கை. நீதிமன்றமோ அக்கேள்வியைப் பெரும்பாலும் எடுத்துக்கொள்வதேயில்லை.

மைசூர்ப் பல்கலைக்கழகத்தின் ஆங்கில ரீடர் பதவி குறித்த வழக்கில், உயர் நீதிமன்றம் நியமனத்தை ரத்துச் செய்தது. 1963-இல் உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்பை மாற்றியது. தேர்வு செய்தவர்கள் துறை வல்லுநர்கள். அவர்கள்மீது கெட்ட எண்ணம் எதுவும் சாட்டப்படவில்லை. அந்நிலையில் அவர்களது கருத்துக்கு மாறாக நீதிமன்றம் தன் கருத்தை எளிதில் நிறுவலாகாது என்று அது கூறியது.

அப்படியானால் பல்கலைக்கழகம் வைத்ததே சட்டமா? இல்லை. அலகாபாத் பல்கலைக்கழக வழக்கு இதனைத் தெளிவாக்கியது. அதுவும் ஆங்கில ரீடர் பதவி பற்றியதே. முதல் வகுப்பு அல்லது ‘உயர் இரண்டாம் வகுப்பு’ முதுகலைப் பட்டம் வேண்டும் என்பது விதி. உயர் இரண்டாம் வகுப்பு என்பது எத்தனை மதிப்பெண்? இரண்டாம் வகுப்பு 48 சதவிகிதத்தில் தொடங்குகிறது. முதல் வகுப்பு 60-இல் தொடங்குகிறது. இவற்றின் நடுப்புள்ளியாகிய 54-ஐ எல்லையாகக் கொள்ள வேண்டுமென்று நீதிபதி கிருஷ்ண ஐயர் 1980-இல் தீர்ப்பளித்தார். கணக்கு எளியது, அதன் பின்னுள்ள கோட்பாடோ பெரிது. கல்வி சார்ந்த முடிவில் நீதிமன்றம் தலையிடாது. ஆனால் விதியின் பொருள் யாதெனக் காணும் பொறுப்பிலிருந்து அதனை விலக்கிவைக்க இயலாது. வகுப்பறையில் ஷேக்ஸ்பியரை நன்கு விளக்குபவர் எவர் என்பதை வல்லுநர் கூறட்டும். 52 சதவிகிதம் விதியை நிறைவு செய்கிறதா என்பதை நீதிபதி கூறுவார்.

தேர்வுக் குழுவின் நடுநிலையும் இவ்வாறே ஆராயத்தக்கது. 1969-இல் முடிவான ஒரு வனத்துறைத் தேர்வு வழக்கில், விண்ணப்பதாரர் ஒருவரே குழுவில் இடம்பெற்றிருந்தார். தம் பெயர் வந்தபோது அவர் விலகியிருந்தார். போட்டியாளர்களின் பெயர்கள் வந்தபோதோ உடனிருந்தார். தேர்வு செல்லாதென்றாயிற்று. இவ்விதி பல்கலைக்கழகத் தேர்வுக் குழுக்களுக்கும் பொருந்தும். ஆயினும் உரிய நேரத்தில் ஆட்சேபிக்க வேண்டும். லக்னோ பல்கலைக்கழகத்தின் மானிடவியல் பேராசிரியர் பதவிக்கு விண்ணப்பித்த ஒருவர், குழுவில் இருப்பவர் யார் யார் என்பதை அறிந்தே நேர்காணலுக்குச் சென்றார்; வாய்ப்புத் தவறிய பின் குழு ஒருதலைப்பட்சமானது என்றார். 1976-இல் உச்ச நீதிமன்றம் அதனை ஏற்கவில்லை. சற்றுக் கடுமையான முடிவுதான். தம் எதிர்காலத்தைக் கையில் வைத்திருப்போரை நேர்காணலுக்கு முன்பே எதிர்க்க எத்தனை பேர் துணிவர்?

சில வேளைகளில் ஒரு விளம்பரத்தைப் பற்றிய வழக்கு நாடெங்கும் எதிரொலிக்கும். காசி இந்துப் பல்கலைக்கழகத்தின் ஆசிரியர் விளம்பரம் குறித்த வழக்கில், இடஒதுக்கீட்டுக்குப் பல்கலைக்கழகம் முழுவதையும் அன்றித் தனித்தனித் துறையையே அலகாகக் கொள்ள வேண்டுமென்று அலகாபாத் உயர் நீதிமன்றம் 2017-இல் கூறியது. சுழற்சிப் பட்டியலில் பிற பிற்படுத்தப்பட்டோருக்கு 4-ஆம் இடம், தாழ்த்தப்பட்டோருக்கு 7-ஆம் இடம், பழங்குடியினருக்கு 14-ஆம் இடம் முதலில் வருகின்றன. ஒரு துறையில் ஒரு படிநிலைக்கு மூன்றே பணியிடங்கள் இருப்பின், முதல் நியமனங்களில் எவருக்கும் ஒதுக்கீடு எழாது; சுழற்சி 14-ஐ எட்டப் பல்லாண்டுகள் செல்லும். 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் மேல்முறையீட்டைத் தள்ளியது. நாடெங்கும் எதிர்ப்பு எழவே, மார்ச்சில் அவசரச் சட்டமும், ஜூலையில் நாடாளுமன்றச் சட்டமும் வந்தன; மத்திய உயர்கல்வி நிறுவனங்களில் நிறுவனம் முழுவதும் மீண்டும் ஒரே அலகாயிற்று.

இவ்வழக்குகளில் பெருஞ்சுமை காலதாமதமே. மைசூர்ப் பல்கலைக்கழகத்தின் பட்டுப்புழு வளர்ப்புத் துறை ரீடர்கள் சிலரது நியமனத்தை உயர் நீதிமன்ற அமர்வு ரத்துச் செய்தது. 2010-இல் உச்ச நீதிமன்றம் அவர்கள் பக்கம் தீர்ப்பளித்தபோது அவர்கள் பத்தாண்டுகளுக்குமேல் பாடம் நடத்தியிருந்தனர். அவ்வளவு காலமும் நியமனம் பெற்றோருக்கும் வழக்குத் தொடுத்தோருக்கும் நிச்சயமின்மையே துணை. ஆகவே வழக்குத் தொடுக்க எண்ணுபவர், தம் குறை விதிமீறலா, மதிப்பீட்டில் கருத்து வேறுபாடா என்பதை முதலில் பிரித்தறிதல் நன்று. தகவல் உரிமைச் சட்டம் 2005-இல் வந்தபின், தேர்வுக் குழுவின் நடவடிக்கைக் குறிப்புகளைக் கேட்டுப் பார்க்கவும் வழி திறந்துள்ளது.