அட்டையில் உள்ள எண் என்ன சொல்கிறது?

நெல்லியடிச் சந்தைக்கு வந்த ஒரு தாய், மரக்கறிப் பையின் அடியிலிருந்து நான்காக மடித்த கடதாசி ஒன்றை எடுத்து எம்மிடம் நீட்டினார். 1990இல் வலிகாமம் வடக்கிலிருந்து இடம்பெயர்ந்து, இப்போது கரவெட்டிப் பக்கத்தில் குத்தகைக் காணியில் வெங்காயம் செய்கிற குடும்பம். ஒன்பது வயது மகன் ஓரிடத்தில் இருக்கமாட்டான், படிப்பில் கவனம் நிற்காது. குடாநாட்டிற்கு வெளியே ஒரு வைத்தியசாலையில் காட்டியபோது மெதில்பெனிடேற் என்ற குளிசையைக் கொடுத்தார்கள். சில நாட்களில் பிள்ளைக்கு நித்திரை இல்லை, சாப்பாடு இறங்கவில்லை, நெஞ்சு படபடத்தது. இரண்டு நாள் விடுதியில் வைத்துப் பார்த்து அனுப்பினார்கள்.

கணினியில் அச்சிட்டுக் கொடுத்த நோய் நிர்ணய அட்டையில் 'எவ் 15' என்றிருந்தது. அயலில் ஆங்கிலம் படித்த ஒருவர் அதைப் பார்த்து, போதைப்பொருள் பாவிக்கிறவர்களுக்குப் போடுகிற நம்பர் என்று சொல்லிவிட்டார். அன்றோடு தாய் குளிசையை நிறுத்தினார், கிளினிக்குக்கும் போகவில்லை. "பள்ளிக்கூடத்துக்குத் தெரிஞ்சா என்ர பிள்ளையை என்னெண்டு சொல்லுவினம், சுவாமி?" என்று கேட்டார்.

இந்த எண்கள் எங்கிருந்து வருகின்றன என்பதை முதலில் பார்ப்போம். மரணத்துக்கான காரணங்களை எல்லா நாடுகளும் ஒரே விதமாக எழுதவேண்டும் என்பதற்காகப் பிரான்சைச் சேர்ந்த ஜாக் பெர்ட்டியோன் தயாரித்த பட்டியல் 1893இல் ஏற்றுக்கொள்ளப்பட்டது. 1948இல் உலக சுகாதார நிறுவனம் அதைப் பொறுப்பேற்று, மரணங்களோடு நோய்களையும் சேர்த்தது. அதுவே சர்வதேச நோய் வகைப்பாடு. அதன் பத்தாம் திருத்தம் 1990இல் அங்கீகரிக்கப்பட்டது. நமது அரசாங்க வைத்தியசாலைகளின் விடுதிக் கணக்குகள் இந்தப் பத்தாம் திருத்தத்தை ஒட்டி வளர்ந்தவை. பதினோராம் திருத்தம் 2022 ஜனவரி முதலாம் திகதி நடைமுறைக்கு வந்தது. அதில் எழுத்துக்களும் எண்களும் வேறு.

வைத்தியர் எழுதுவது நோயின் பெயரை. பெரும்பாலும் பதிவேட்டுப் பகுதியில் இருப்பவரே அதை எண்ணாக மாற்றுகிறார். வைத்தியர் "ஊக்கி மருந்தினால்" என்று இரண்டு சொல்லோடு நிறுத்திவிட்டால், எண் போடுபவர் ஊகிக்க வேண்டியதாகிறது. பிழை நுழைவது இந்த இடத்தில்தான்.

மெதில்பெனிடேற் உடலையும் மூளையையும் முடுக்கிவிடும் ஊக்கி மருந்து. இவ்வகை மருந்தினால் துன்பம் வந்தால் பத்தாம் திருத்தத்தில் அதற்கு மூன்று வழிகள் உண்டு. சரியான மருந்து, சரியான அளவு, சரியான ஆள். ஆனாலும் உடல் ஒத்துக்கொள்ளவில்லை என்றால், முதலில் வந்த துன்பத்தை எழுதுவார்கள். நெஞ்சுப் படபடப்புக்கு 'ஆர் 00.2', பசியின்மைக்கு 'ஆர் 63.0'. அதனோடு, காரணம் மருந்து என்பதைக் காட்ட 'வை 49.7' சேர்க்கப்படும். இந்த எண்ணில் எவர்மீதும் குற்றம் இல்லை. பிள்ளையிலும் இல்லை, தாயிலும் இல்லை, மருந்து கொடுத்த வைத்தியரிலும் இல்லை.

அதே குளிசையை மேசையிலிருந்து சின்னத் தங்கச்சி எடுத்து விழுங்கிவிட்டால் அது நஞ்சூட்டம். எண் 'ரி 43.6'. தவறுதலாக நடந்ததென்றால் 'எக்ஸ் 41' கூட வரும், வேண்டுமென்று விழுங்கியிருந்தால் 'எக்ஸ் 61', எது என்று தெரியாவிட்டால் 'வை 11'. குருமடத்தில் ஒழுக்க இறையியல் படித்த நாட்களில் செயல் வேறு, கருத்து வேறு என்று எமக்குச் சொல்லித் தந்தார்கள். எண்களைக் கோத்தவர்களும் அதே பாடத்தைப் படித்திருக்கிறார்கள் போலும்!

மூன்றாவதுதான் 'எவ் 15'. ஊக்கிப் பொருட்களின் பாவனையால் மனத்திலும் நடத்தையிலும் உண்டாகும் கோளாறுகளுக்கு உரியது அது. இன்று எமது இளைஞர்களை அழிக்கிற 'ஐஸ்' இதற்குள்தான் வரும். தேத்தண்ணியிலும் கோப்பியிலும் உள்ள கபேயினும் இதே தலைப்பின் கீழ்தான் இருக்கிறது என்பதை அந்த அயலவர் கவனிக்கவில்லை. எண்ணின் புள்ளிக்குப் பின்னால் வருவதையும் பார்க்கவேண்டும்: 0 என்றால் அப்போதைய மயக்க வெறி, 2 என்றால் அடிமைப்பட்ட நிலை, 5 என்றால் மனப்பிறழ்வு. ஐஸுக்கு அடிமைப்பட்ட பெடியனுக்கு இந்த எண் போடப்பட்டால் அவனும் நோயாளி என்றே அது சொல்கிறது. ஆனால் வைத்தியர் சொன்னபடி காலையில் ஒரு குளிசை விழுங்கிய ஒன்பது வயதுப் பிள்ளைக்கு அந்த இடம் உரியதல்ல.

எண் எதுவானால் என்ன, பிள்ளை சுகமானால் போதாதா என்று கேட்கலாம். போதாது. தடிமன் குளிசைகளிலும் பசியைக் குறைக்கும் குளிசைகளிலும் பினைல்புறொப்பனோலமீன் என்ற ஊக்கி மருந்து பல்லாண்டு காலம் சேர்க்கப்பட்டு வந்தது. அதை எடுத்த சிலருக்கு மூளையில் இரத்தம் கசிந்தது என்று தனித்தனிச் செய்திகள் 1979 முதல் வெளிவந்தன. அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்தினர் 43 வைத்தியசாலைகளில் இப்படிப் பாதிக்கப்பட்ட 702 பேரை எடுத்து, ஏனையோருடன் ஒப்பிட்டார்கள். பசி குறைக்க அதை எடுத்த பெண்களுக்கு ஆபத்து பல மடங்கு என்று தெரிந்தது. 2000 நவம்பரில் அந்நாட்டு அதிகாரிகள் அதைச் சந்தையிலிருந்து அகற்றும்படி கேட்டுக்கொண்டார்கள்.

தோட்டஞ் செய்கிற உங்களுக்கு இன்னும் கிட்டிய உதாரணம் உண்டு. மொனோகுரோட்டபொஸ், மெதமிடொபொஸ் ஆகிய பூச்சிநாசினிகள் 1995இலும், எண்டோசல்பான் 1998இலும் இலங்கையில் நிறுத்தப்பட்டன. எந்த நஞ்சு எத்தனை உயிரை எடுக்கிறது என்ற வைத்தியசாலைக் கணக்கும் அதற்குத் துணை நின்றது. 1995இல் இலட்சம் பேருக்கு 47 ஆக இருந்த தற்கொலை, 2005இல் 24 ஆகக் குறைந்தது. ஒரு மருந்து செய்த தீங்கு போதைப் பழக்கம் என்ற பெட்டிக்குள் போடப்பட்டால், அந்த மருந்தைப் பற்றிய கேள்வி எழவே எழாது.

இடம்பெயர்ந்தவர்களுக்கு இதில் இன்னொரு சங்கடம். முன்பு எந்த மருந்து ஒத்துக்கொள்ளவில்லை என்பது ஒரு ஊர் ஆஸ்பத்திரியின் கொப்பியில் இருக்கும். நாமோ வேறு ஊரில் இருப்போம். 1995 ஒக்டோபரில் வலிகாமத்தை விட்டு வந்தபோது காணி உறுதியையும் பிறப்பத்தாட்சியையும் பொலித்தீனில் சுற்றி எடுத்துவந்த குடும்பங்கள் எத்தனை! கிளினிக் கொப்பியை எடுத்தவர்கள் சிலரே. மருந்தின் பெயர், அளவு, எத்தனையாம் நாள் என்ன செய்தது என்பதை ஒரு துண்டில் எழுதி அந்த உறுதியோடு வையுங்கள். அட்டை தரும்போது, "இது மருந்தால் வந்ததா, வேறேதுமா? அதை எழுதித் தாருங்கள்" என்று கேளுங்கள். கேட்பது மரியாதைக் குறைவு அல்ல. குளிசையை நீங்களாக நிறுத்தவும் வேண்டாம், கூட்டவும் வேண்டாம். நெஞ்சு நோவு, மயக்கம் என்றால் கிளினிக் திகதி வரும்வரை காத்திராமல் உடனே கொண்டு செல்லுங்கள். குடும்பத்தில் எவருக்காவது இருதய நோய் இருந்தால், மருந்து தொடங்குமுன்பே அதைச் சொல்லிவிட வேண்டும்.

அந்தத் தாயுடன் நாமும் கிளினிக்குக்குப் போனோம். வைத்தியர் அட்டையை வாசித்து, பழைய எண்ணைப் பேனையால் வெட்டி, மருந்தின் பெயரையும் 'வை 49.7' என்பதையும் எழுதிக் கையொப்பமிட்டார். குளிசை இனி அரைவாசி அளவு, காலையில் மட்டும். ஒவ்வொரு முறையும் நிறையும் உயரமும் அளக்கவேண்டும் என்றார். அடுத்த திகதி வெங்காயம் கிண்டுகிற வாரத்தில் விழுந்தது. வேறு திகதி தருவீர்களா என்று தாய் தயங்கித் தயங்கிக் கேட்டார். ஒரு கிழமை தள்ளிப் போட்டுக் கொடுத்தார்கள்.