கயிற்றைப் பிடித்த கை

அருப்புக்கோட்டையிலிருந்து புதூர் வழியாக விளாத்திகுளம் போகிற பஸ்ஸில் ஏறினால் நடுவில் நாகலாபுரம் வரும். இருபக்கமும் கரிசல், மழை பெய்தால் காலிலிருந்து செருப்பைப் பிடுங்கிக்கொள்ளும் மண். 1799 செப்டம்பர் 13-ல் கட்டபொம்மனின் தானாபதி சுப்பிரமணிய பிள்ளையைக் கும்பினிப் படை இங்கேதான் தூக்கிலிட்டது. அதோடு விடவில்லை. தலையைப் பாஞ்சாலங்குறிச்சிக்குக் கொண்டுபோய் ஈட்டியில் குத்தி நிறுத்தினார்கள். கொல்ல ஓர் ஊர், காட்ட இன்னோர் ஊர்.

அடுத்த மாதம் 16-ந் தேதி கயத்தாறு. மேஜர் பானர்மேன் பாளையக்காரர்களை வரவழைத்து உட்காரவைத்துவிட்டுத்தான் கட்டபொம்மனைத் தூக்குக்கு அனுப்பினார். விசாரணையும் தூக்கும் ஒரே நாளில். கோட்டையை இடி, ஆயுதத்தை ஒப்படை என்ற உத்தரவும் அந்த மாதமே வந்துவிட்டது. தண்டனை செத்தவனுக்கல்ல, பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கு.

எட்டப்பனை இன்றைக்கும் திட்டுகிறோம். பானர்மேன் பெயர் பள்ளிக்கூடப் பிள்ளைக்கும் தெரியும். சுருக்கை மாட்டிய கையை யாரும் திட்டி நான் கேட்டதில்லை.

கயிற்றுக்கு முந்தியது கழு. கழுவில் ஏற்றக் கொண்டுவந்த ஆள் ஒல்லியாக இருந்தான், கழுவோ பருமன், அதனால் அதற்குத் தோதாக ஒரு தடியனைத் தேடிப் பிடித்தார்கள் என்று கதை சொல்வார்கள். சின்ன வயதில் சிரித்தேன். இப்போது அது கதையாகப் படவில்லை. சிங்கம்புணரி சேவுகப்பெருமாள் கோயிலில் கழுவன் திருவிழா என்றே ஒன்று உண்டு. கழுவேறியவனுக்குத் திருவிழா; ஏற்றியவனுக்கு ஒன்றுமில்லை.

ஏற்றியவன் பேசியது அபூர்வம். திருவிதாங்கூர் அரசின் கடைசி ஆராச்சார், அதாவது தூக்கிலிடுபவர், ஜனார்த்தனன் பிள்ளை பேசினார். 117 பேரைத் தூக்கிலிட்டவர். அவர் வாழ்க்கையை வைத்து சசி வாரியர் ஆங்கிலத்தில் ஒரு புத்தகம் எழுதினார். அதே உலகத்தைத்தான் அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘நிழல்குத்து’ (2002) படமும் காட்டுகிறது. அதில் ஒரு வழக்கம் வரும்: தூக்குத்தண்டனையை ரத்து செய்து மகாராஜா ஆள் அனுப்புவார், ஆனால் எல்லாம் முடிந்த பிறகு வந்து சேருகிற மாதிரி நேரம் பார்த்து. பாவம் அரண்மனைக்குள் வராது. அது ஆராச்சார் வீட்டுக்குப் போகும். அங்கே அவர் குடித்துவிட்டுக் கிடப்பார். காய்ச்சல்காரர்கள் வாசலில் வந்து நிற்பார்கள், தூக்குக் கயிற்றை எரித்த சாம்பலுக்காக.