தன் நூலைத் தானே பதிப்பித்த வின்ஸ் ஃபிளின்

திறில்லர் எனப்படும் விறுவிறுப்பு நாவல்களை இலக்கியம் என்று ஏற்றுக்கொள்ள நம்மிற் பலருக்குத் தயக்கம் உண்டு. எனக்கும் அந்தத் தயக்கம் முற்றாக நீங்கிவிடவில்லை. ஆயினும், ஒரு நூல் எழுதியவரின் மேசையிலிருந்து வாசகரின் கைக்கு எவ்வாறு போய்ச் சேருகிறது என்பதில் அக்கறை உள்ளவர்கள் வின்ஸ் ஃபிளின் என்ற அமெரிக்க நாவலாசிரியரைப் பற்றி அறிந்துகொள்வது பயன்தரும். இவருடைய நாவல்கள் நியூயோர்க் டைம்ஸ் பத்திரிகையின் விற்பனைப் பட்டியலில் திரும்பத் திரும்ப இடம்பெற்றவை. ஆனால், இவருடைய முதல் நாவலை அச்சிட ஒரு பதிப்பகமும் முன்வரவில்லை.

ஃபிளின் 1966ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் மினசோட்டா மாநிலத்திலுள்ள சென் போல் நகரிற் பிறந்தார். ஏழு பிள்ளைகளில் ஐந்தாமவர். தந்தையார் ஆங்கில ஆசிரியர். தாயார் வனவிலங்குகளை வரையும் ஓவியர். இத்தகைய வீட்டிற் பிறந்தும் வாசிப்பு இவருக்குச் சுலபமாக வரவில்லை. டிஸ்லெக்சியா என்னும் வாசிப்பு இடர்ப்பாடு இவருக்கு இருந்தது. எழுத்துகளைக் கூட்டிச் சொல்லாக இனங்காண்பதில் ஏற்படும் சிரமம் இது. அறிவுக் குறைவு அன்று. 1988இல் சென் தோமஸ் பல்கலைக்கழகத்திற் பொருளியற் பட்டம் பெற்றார். இந்தக் குறையை வெல்ல ஒரே வழி நாள்தோறும் வாசிப்பதும் எழுதுவதுமே என்று தீர்மானித்து, ஹெமிங்வே முதல் ரொபேர்ட் லட்லம், ரொம் கிளான்சி வரை தேடித் தேடிப் படித்தார். உளவு நாவல்களே இவரை அதிகம் ஈர்த்தன.

படித்து முடித்ததும் கிராஃப்ட் என்ற உணவுப்பொருள் நிறுவனத்தின் விற்பனைப் பிரிவில் வேலை. 1990இல் அதை விட்டுவிட்டு, மரைன் படையில் விமானியாகச் சேரப் புறப்பட்டார். பயிற்சிக்குச் செல்ல ஒரு வாரம் இருக்கையில், சிறுவயதில் தலையில் ஏற்பட்ட அடிகளையும் வலிப்பையும் காரணங் காட்டி மருத்துவர்கள் தடுத்துவிட்டார்கள். நாவல் எழுதும் எண்ணம் இந்தக் காலத்திலேதான் முளைத்தது. காணி, கட்டட வர்த்தக நிறுவனமொன்றில் இரண்டு ஆண்டுகள் வேலை பார்த்தபின் அதையும் உதறிவிட்டு, முழுநேரமாக எழுதுவதற்காகக் கொலராடோ மாநிலத்துக்குப் போனார். பின்னர் ஊர் திரும்பி, இரவில் மதுச்சாலையிற் பரிமாறுபவராக வேலை செய்து பிழைத்தார். ஐந்து ஆண்டுகள் இவ்வாறு கழிந்தன. வந்து சேர்ந்த மறுப்புக் கடிதங்கள் அறுபதுக்கும் மேல்!

1997இல் ‘டேர்ம் லிமிட்ஸ்’ என்ற அந்த நாவலைத் தாமே பதிப்பித்தார். தலைப்பைப் பதவிக்கால எல்லை என்று தமிழிற் சொல்லலாம்.

இங்கே ஒரு விளக்கம் தேவை. நமது நாட்டில் எழுத்தாளர் தமது முதல் நூலைச் சொந்தச் செலவில் அச்சிடுவது வழமை. வெளியீட்டு விழா வைப்போம், முதற் பிரதி வழங்குவோம், எஞ்சிய கட்டுகள் வீட்டில் இருக்கும். அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. அமெரிக்காவில் அக்காலத்து நிலை வேறு. பெரிய பதிப்பகம் ஏற்காத நூலை ஆசிரியர் தாமே அச்சிட்டால், வீண் பெருமைக்குச் செய்கிறார் என்பார்கள். மதிப்புரை கிடைப்பது அரிது. நாடளாவிய விநியோகமும் இராது. இன்றுபோல் மின்னூலாக எவரும் வெளியிட்டுவிடக்கூடிய காலமும் அல்ல அது. பெட்டிகளில் வந்திறங்கும் நூல்களை ஒவ்வொரு கடையாகக் கொண்டு போக வேண்டும்.

ஃபிளின் நாட்டையே வெல்ல முனையவில்லை. சென் போல், மினியாபொலிஸ் என்னும் இரட்டை நகரங்களையே நம்பினார். அவர் பிறந்து வளர்ந்த இடம் அது. அங்கேயே வேலை பார்த்தவர். பொருள் விற்கத் தெரிந்தவர். அந்நகரங்களின் விற்பனைப் பட்டியலில் நாவல் முதலிடத்துக்கு வந்தது. அடுத்த சில நாட்களில் புதிய இலக்கிய முகவர் ஒருவர் கிடைத்தார். பொக்கற் புக்ஸ் நிறுவனம் இரண்டு நூல்களுக்கு ஒப்பந்தம் செய்தது. 1998இல் அதே நாவல் நாடெங்கும் வெளிவந்தது.

கையெழுத்துப் பிரதியைப் படிக்கும் பதிப்பாசிரியர் இது விற்குமா என்று ஊகிக்கத்தான் முடியும். விற்றுக்காட்டிய நூலில் ஊகத்துக்கு இடமில்லை. 1996இல் சிட்னியில் மத்தியூ ரைலி என்ற மாணவரும் ‘கொன்ரெஸ்ட்’ என்ற தம் நாவலில் ஆயிரம் பிரதிகளைத் தாமே அச்சிட்டுக் கடைகளில் வைத்தார். பதிப்பாசிரியர் ஒருவர் அதைக் கடையிற் கண்டு வாங்கியதே ரைலியின் வாழ்வை மாற்றியது.

இனி நாவலுக்கு வருவோம். வொஷிங்டனில் செல்வாக்குமிக்க மூன்று அரசியல்வாதிகள் அடுத்தடுத்துக் கொல்லப்படுகிறார்கள். கொன்றவர்கள் முன்னாள் சிறப்புப் படையினர். வரவு செலவுத் திட்டத்தைச் சீர்செய், வீண் செலவை நிறுத்து, இல்லையேல் இன்னும் கொல்வோம் என்பது அவர்களின் கோரிக்கை. ஆசிரியரின் அனுதாபம் எந்தப் பக்கம் என்பதில் சந்தேகமில்லை. கதையோட்டம் அபாரம், பாத்திரங்கள் தட்டையானவை. நடையில் அழகு தேடுவது வீண்.

எனக்கு உறுத்துவது நடை அன்று. 1959இல் ஒரு பிரதமரையும் 1993இல் ஒரு ஜனாதிபதியையும் கொலையாளிகளிடம் பறிகொடுத்த நாடு நமது. 1989இல் கொழும்பில் அமிர்தலிங்கமும் யோகேஸ்வரனும் வீட்டினுள்ளேயே சுடப்பட்டார்கள். அப்படிப்பட்ட நாட்டில் இருந்துகொண்டு, துப்பாக்கி அரசியலைத் திருத்தும் என்ற கற்பனையைப் பொழுதுபோக்காக மட்டும் படிக்க என்னால் முடியவில்லை. அமெரிக்க வாசகர் கோபத்துக்கு வடிகாலாகக் கண்டதை, நாம் செய்தித்தாளில் மரண அறிவித்தலாகக் கண்டவர்கள். பக்கங்களைப் புரட்டாமல் இருக்கவும் முடியவில்லை என்பதையும் சொல்லவேண்டும். அங்கேதான் இத்தகைய எழுத்தின் வல்லமையும் ஆபத்தும் சேர்ந்தே இருக்கின்றன.

1999இல் வந்த ‘ட்ரான்ஸ்ஃபர் ஒஃப் பவர்’ நாவலில் வெள்ளை மாளிகையைப் பயங்கரவாதிகள் கைப்பற்றுகிறார்கள். மிச் ராப் என்ற சி.ஐ.ஏ. முகவர் இதில் அறிமுகமாகிறார். சட்டம் தடுத்தாலும் தயங்காத இவரே பின்னர் தொடர்கதைகளின் நாயகரானார். 2001 செப்டெம்பர் தாக்குதலுக்குப் பின் இத்தகைய நாயகனுக்கு அமெரிக்காவில் வரவேற்பு பெருகியதில் வியப்பில்லை. ‘24’ என்ற தொலைக்காட்சித் தொடரின் ஐந்தாம் பருவத்துக்கும் ஃபிளின் ஆலோசகராக இருந்தார்.

2010இல் இவருக்குப் புரொஸ்டேட் புற்றுநோய் கண்டறியப்பட்டது. சிகிச்சைக்கிடையிலும் எழுதினார். உயிரோடிருக்கையில் வெளிவந்த கடைசி நாவல் 2012இன் ‘த லாஸ்ட் மான்’. 2013 ஜூன் 19ஆம் திகதி, 47ஆவது வயதில், சென் போல் நகரிலேயே காலமானார். அடுத்த நாவலின் ஆரம்பப் பக்கங்கள் மட்டுமே எழுதப்பட்டிருந்தன. கைல் மில்ஸ் அதை எழுதி முடித்தார். 2015இல் ‘த சர்வைவர்’ என்ற பெயரில் அது வந்தது. மில்ஸுக்குப் பின் 2024 முதல் டொன் பென்ட்லி தொடர்கிறார். அட்டையிலே பெரிய எழுத்தில் இருப்பது இன்னமும் வின்ஸ் ஃபிளின்னின் பெயர்தான்.

ஒன்றை மாத்திரம் படிக்க விரும்பும் நேயர்கள் ‘ட்ரான்ஸ்ஃபர் ஒஃப் பவர்’ நாவலில் தொடங்கலாம். அறுபது பேர் திருப்பி அனுப்பியது எதை என்று அறிய விரும்புவோர் ‘டேர்ம் லிமிட்ஸ்’ நாவலையே தேடிப் படிக்கவேண்டும்.