ஊட்டியில் பூ, மன்னார் வளைகுடாவில் விலங்கு: கடல் சாமந்தி எப்படி வாழ்கிறது?

நீலகிரியின் உயரமான புல்வெளிகளில், ஈரம் தங்கும் ஓடையோரங்களில், வெள்ளை நிறக் காட்டுப்பூ ஒன்று பூக்கும். தாவரவியல் பெயர் அனிமோன் ரிவுலாரிஸ். மலையிலிருந்து இறங்கி ராமேஸ்வரம் பக்கம் போய்க் கடலுக்குள் பார்த்தால், அதே பெயரில் இன்னொன்று இருக்கும்: சீ அனிமோன். தமிழில் கடல் சாமந்தி. முதலாவது செடி. இரண்டாவது, மீனைக் கொட்டி மயக்கி விழுங்கும் விலங்கு.

'அனிமோஸ்' என்றால் கிரேக்க மொழியில் காற்று. அந்தப் பெயர் முதலில் பூவுக்குத்தான் கிடைத்தது. கடலடியில் இதழ் விரித்தாற்போல் நின்ற உயிரைப் பார்த்த ஐரோப்பிய இயற்கையியலாளர்கள், அதற்கும் அதே பெயரை வைத்துவிட்டார்கள். நம்ம ஆட்களுக்கோ அது சாமந்தி மாதிரி தெரிந்திருக்கிறது. சுவாரசியம் என்னவென்றால், நீலகிரிப் பூவிலும் ஒரு ஏமாற்று உண்டு. இதழ் மாதிரி தெரிபவை உண்மையில் இதழ்களே இல்லை, புல்லிகள்!

சரி, கடல் சாமந்தியின் 'இதழ்கள்' என்ன? அவை உணர்கொம்புகள். இரை பிடிக்கும் கைகள் என்றே சொல்லலாம்.

உடம்புக்குள் என்ன இருக்கிறது?

பவளம், ஜெல்லிமீன் ஆகியவற்றின் நெருங்கிய சொந்தம் இது. உலகம் முழுக்க ஆயிரத்துக்கும் மேற்பட்ட வகைகள் உள்ளன. விரல் நுனி அளவில் இருப்பவை முதல் ஒரு மீட்டர் அகலம் விரிபவை வரை உண்டு.

உடலமைப்பு ரொம்ப எளிமையானது. அடியில் பாறையைப் பிடித்துக்கொள்ளும் பாதத் தட்டு, நடுவில் உருளை மாதிரி உடல், மேலே வாய், வாயைச் சுற்றி உணர்கொம்புகள். மூளை கிடையாது, இதயம் கிடையாது, ரத்தமும் கிடையாது. உடல் முழுக்கப் பரவிய நரம்பு வலை மட்டும் இருக்கிறது. இரை உள்ளே போவதும் கழிவு வெளியே வருவதும் ஒரே வாய் வழியாகத்தான்.

எலும்பு இல்லாமல் எப்படி நிமிர்ந்து நிற்கிறது? தண்ணீர்தான் எலும்பு. வயிற்றுக்குள் கடல்நீரை நிரப்பிக்கொண்டு வாயை மூடினால், காற்றடித்த பலூன் போல உடல் விறைத்துவிடும். ஆபத்து என்றால் தசையை இறுக்கி, நீரை வெளியேற்றிச் சின்ன உருண்டையாகச் சுருங்கிவிடும்.

கொட்டுவது எப்படி?

உணர்கொம்புகளில் ஆயிரக்கணக்கான கொட்டும் செல்கள் உள்ளன. ஒவ்வொன்றுக்குள்ளும் ஒரு நுண்பை, அதற்குள் சுருட்டி வைத்த நூல். இரை உரசியதும் பை வெடித்து, நூல் ஈட்டி மாதிரி பாய்ந்து நஞ்சை இறக்கும். இதன் நன்னீர் உறவினரான ஹைட்ராவை அதிவேக கேமராவில் படம்பிடித்து 2006-ல் வெளியிட்ட ஆய்வில், இந்தப் பாய்ச்சலின் முக்கியக் கட்டம் வெறும் 700 நானோ விநாடிகளில் முடிவது தெரியவந்தது. உயிரினங்களில் நாம் அறிந்த மிக வேகமான அசைவுகளில் இதுவும் ஒன்று. ஒரு கொட்டும் பையை ஒருமுறைதான் பயன்படுத்த முடியும். பிறகு புதிதாக வளர்த்துக்கொள்ள வேண்டும்.

பெரும்பாலான வகைகள் மனிதர்களுக்கு எரிச்சலோடு விட்டுவிடும். சில வகைகளின் நஞ்சு கடுமையானது. அதனால் கடற்கரைப் பாறைக் குட்டைகளில் பார்த்தால், ஆசைக்காகக் கூடத் தொட வேண்டாம்.

நீமோவுக்கு மட்டும் ஏன் எதுவும் ஆவதில்லை?

'ஃபைண்டிங் நீமோ' படத்தில் வரும் கோமாளி மீனின் வீடு கடல் சாமந்திதான். அந்த மீனின் உடலில் உள்ள கோழைப்பூச்சு, கொட்டும் செல்களைத் தூண்டாமல் பார்த்துக்கொள்கிறது. எதிரிகளிடமிருந்து மீனுக்குப் பாதுகாப்பு கிடைக்கிறது. பதிலுக்கு மீன், சாமந்தியைக் கடித்துத் தின்ன வரும் மீன்களை விரட்டுகிறது.

இந்தக் கூட்டணியில் மூன்றாவதாக ஒரு பங்காளியும் உண்டு. சாமந்தியின் திசுக்களுக்குள் நுண்பாசிகள் வாழ்கின்றன. அவை சூரிய ஒளியில் சமைத்த உணவில் பெரும்பங்கைச் சாமந்திக்குத் தருகின்றன. மீனின் கழிவில் உள்ள அமோனியா அந்தப் பாசிகளுக்கு உரம். ஆழம் குறைந்த, வெளிச்சம் விழும் கடலில் இந்த வகைகள் வாழ்வதற்குக் காரணம் இதுதான்.

மன்னார் வளைகுடாவில் என்ன சிக்கல்?

ராமேஸ்வரத்துக்கும் தூத்துக்குடிக்கும் இடையிலுள்ள 21 தீவுகளை உள்ளடக்கி, 1986-ல் மன்னார் வளைகுடா கடல்சார் தேசியப் பூங்கா அமைக்கப்பட்டது. நீமோவின் சித்தப்பா பையன் மாதிரியான செபே கோமாளி மீன் இங்கே கடல் சாமந்திகளில் வசிக்கிறது.

கோடையில் இங்கே கடல்நீரின் வெப்பம் 30 டிகிரி செல்சியஸைத் தாண்டி நீடிக்கும்போது, பவளங்கள் தங்கள் பாசிகளை வெளியேற்றி வெளிறிப்போகின்றன. 2010-லும் 2016-லும் இது பெரிய அளவில் நடந்தது, ஏராளமான பவளங்கள் மடிந்தன. கடல் சாமந்திக்கும் இதே பலவீனம்தான். பாசி போனால் நிறம் போகும், கூடவே சாப்பாடும் போகும்.

பாதிப்பு அதோடு நிற்பதில்லை. பிரெஞ்சு பாலினீசியாவின் மூரியா தீவில் நடந்த ஆய்வு 2017-ல் வெளியானது. வெளிறிய சாமந்திகளில் வசித்த கோமாளி மீன்களின் உடலில் மன அழுத்த ஹார்மோன் கூடியிருந்தது. இனப்பெருக்கத் திறன் 73 சதவீதம் சரிந்திருந்தது. மீன் நேரடியாகச் சூட்டில் சாகவில்லை. ஆனால், வீடு நோயுற்றதால் குடும்பம் பெருகவில்லை.

வீட்டுத் தொட்டியில் வளர்க்கலாமா?

எடின்பரோவில் 'கிரானி' என்று செல்லமாக அழைக்கப்பட்ட கடல் சாமந்தி, 1828-ல் கடலிலிருந்து எடுக்கப்பட்டு 1887 வரை கண்ணாடிப் பாத்திரத்தில் உயிரோடு இருந்தது. ஏறத்தாழ 60 வருஷம்! ஆனால், அதை நம்பி ஆர்டர் போட்டுவிடாதீர்கள். கிரானி, குளிர்ந்த கடலில் வாழும், பாசியை நம்பியிராத வகை. கோமாளி மீன் வாழும் வகைகளுக்கு வலுவான வெளிச்சமும் சீரான நீர்த் தரமும் வேண்டும். சின்னத் தொட்டிகளில் அவை சீக்கிரம் பாசியை இழந்து இளைத்துவிடும்.

மீனுக்கு மாற்று வழி இருக்கிறது. மண்டபத்தில் மையம் வைத்திருக்கும் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிறுவனம், கோமாளி மீன்களைக் கடலிலிருந்து பிடிக்காமல் குஞ்சு பொரிக்க வைத்து வளர்க்கும் தொழில்நுட்பத்தை உருவாக்கியிருக்கிறது. பண்ணையில் பிறந்த கோமாளி மீன், சாமந்தி இல்லாமலேயே தொட்டியில் நன்றாக வாழும். அதனால் கடையில் மீன் வாங்குவதற்கு முன் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: "இது பண்ணையில் வளர்ந்ததா, கடலில் பிடித்ததா?" சாமந்தியைக் கடலிலேயே விட்டுவிடலாம்.